நன்றாக விசாரித்த சம்பந்தம்

மொன்றியலில் எங்கள் ஆட்கள் யார் வீட்டில் சம்பந்தம் பேசினாலும் கடைசியில் என் தொலைபேசிதான் அடிக்கும். பியர்பொன்ட்ஸிலிருந்து புரோசார்ட் வரைக்கும் எனக்கு 'விசாரணை நகுலண்ணை' என்று பெயர். முழுப்பெயர் நகுலேஸ்வரன். ஓர் இத்தாலியரின் உணவகத்தில் இருபத்திரண்டு வருடம் கோப்பை கழுவி இளைப்பாறியவன். ஆனால் அது வேலை. தொழில் என்று கேட்டால் விசாரணைதான். அதற்கு ஒரு சதம் வாங்கியதில்லை. வாங்கினால் தரகன் என்று சொல்லிவிடுவார்களே!

யாழ்ப்பாணத்தான் சம்பந்தம் பேசும்போது மாப்பிள்ளையைப் பார்ப்பதில்லை, மாப்பிள்ளையின் பாட்டனைப் பார்ப்பான். எந்த ஊர், ஊருக்குள் எந்தப் பக்கம், எந்தக் கிணற்றில் அள்ளினவர்கள், கோயிலில் எத்தனையாம் திருவிழா, எல்லாம் தெரியவேண்டும். லண்டனுக்கு ஓர் அழைப்பு, பாரிசுக்கு ஒன்று, ஊருக்கு ஒன்று. மூன்றாவது அழைப்பு முடியும்போது நாலு தலைமுறையும் என் கையில் இருக்கும். சொல்லக்கூடாத விசயத்தை நான் ஒருநாளும் வாயால் சொன்னதில்லை. "ம்ம்..." என்று கொஞ்சம் இழுப்பேன், அவ்வளவுதான். அந்த இழுவையில் இதுவரை பதினொரு கலியாணம் நின்றிருக்கிறது. இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் பெருமைக்கும்தான்.

போன மாசி மாதம் என் தங்கச்சி ஜெகதீஸ்வரி தொலைபேசி எடுத்தாள்.

"அண்ணை, துஷா ஒரு பெடியனை விரும்புறாளாம்."

"ஆர் ஆக்கள்?"

"யப்பான்."

நான் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். எங்கள் ஆட்களுக்கு யப்பான் மேல் ஒரு தனி மரியாதை. தையல் மெசினாக இருந்தாலும் தண்ணீர் இறைக்கிற மெசினாக இருந்தாலும், யப்பான் என்றால் அதற்கு மேல் பேச்சில்லை.

"யப்பான் சாமான் லேசில பழுதாகாது பிள்ளை," என்றேன்.

"சாமான் இல்லை அண்ணை, மாப்பிள்ளை. விசாரியுங்கோ."

துஷாந்தினி எனக்கு மருமகள், நான் தாய்மாமன். இருபத்தொன்பது வயது, மருந்தகத்தில் மருந்தாளர். தாயிடம் அவள் சொன்னது இவ்வளவுதான். "அம்மா, நீங்கள் ஓம் எண்டால் செய்வன். இல்லையெண்டால் அவனை விட்டிடுவன். ஆனால் பேந்து ஒருத்தரும் எனக்குக் கலியாணம் எண்டு வாயே திறக்கக்கூடாது." சொன்னால் செய்கிற பிள்ளை. ஆகவே இந்தத் தடவை 'இல்லை' என்றால், அது கடைசி 'இல்லை'.

அவள் அப்படிச் சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. அதற்கு என் மச்சான் யோகராசாவைப் பற்றிச் சொல்லவேண்டும். தொண்ணூற்றாறாம் ஆண்டு ஆடி மாதம், துஷாந்தினிக்கு எட்டு மாதம், பால்மா வாங்கவென்று காலையில் சைக்கிளில் போன மனிதர். ஆமிக்காரர் காவலரணில் மறித்து வாகனத்தில் ஏற்றினார்கள். சைக்கிளை மட்டும் யாரோ கொண்டுவந்து படலையில் சாத்திவிட்டுப் போனார்கள். அதன்பிறகு ஆளும் இல்லை, உடலும் இல்லை, ஒரு துண்டுக் கடிதமும் இல்லை. தங்கச்சி தாலியோடும் குங்குமத்தோடும் மகளைத் தூக்கிக்கொண்டு இங்கே வந்து சேர்ந்தாள். இன்றைக்கும் தாலி இருக்கிறது, குங்குமம் இருக்கிறது.

துஷாந்தினிக்கு நாலு சம்பந்தம் வந்தது. நாலும் ஒரே இடத்தில் வந்து முட்டியது.

"தகப்பன்?"

"பிடிச்சுக்கொண்டு போனவங்கள்."

"அப்ப ஆள் இல்லையோ?"

"தெரியாது."

"தெரியாதெண்டால் கார்ட்டில என்னெண்டு போடுறது?"

எங்கள் கலியாணக் கார்ட்டில் இருக்கிறவருக்குத் 'திரு', போனவருக்கு 'அமரர்'. மூன்றாவது இனம் கிடையாது. நாலாவது சம்பந்தம் நல்ல இடம். விடக்கூடாது என்று நான்தான் தொலைபேசியில் மெதுவாக, "அமரர் எண்டே போடுங்கோ, அவளுக்கு நான் சொல்லிக்கொள்ளுறன்," என்றேன். அடித்த கார்ட்டைத் தங்கச்சி பார்த்தாள். கலியாணத்தையும் நிறுத்தினாள், எட்டு மாதம் என்னோடு பேச்சையும் நிறுத்தினாள். ஊர் உலகத்தையெல்லாம் விசாரித்தவன் நான். விசாரித்து முடிவு காணாத ஒரே ஆள் என் சொந்த மச்சான்.

ஆகவே இந்த விசாரணையில் பிழை விடக்கூடாது என்று கவனமாக இறங்கினேன்.

யப்பான்காரரைப் பற்றி யப்பான்காரரிடம்தானே கேட்கவேண்டும்? கர்க்லாண்டில் ஒரு சுஷிக் கடை இருக்கிறது. வாசலில் சிவப்புக் காகித விளக்கு, உள்ளே மூங்கில் தட்டி. மேசைக்குப் பின்னால் தலையில் துணி கட்டிய ஒருவர் சோற்றை உருட்டிக்கொண்டு நின்றார். நான் தொப்பியைக் கழற்றி, இடுப்பு நோக இரண்டு தரம் குனிந்து, "பொன்ஜூர்" என்றேன்.

"அண்ணே, முதுகில என்னவும் பிடிப்போ?" என்றார் அவர்.

மட்டக்களப்பு டனிஸ்ரன்! பக்கத்தில் மீன் வெட்டிக்கொண்டு நின்றவர் ஜெனாட், அவரும் மட்டக்களப்பு.

"முதலாளியைக் கூப்பிடும்," என்றேன் கோபத்தோடு.

"முதலாளி வியட்நாம்காரர் அண்ணே."

"அப்ப இஞ்ச யப்பான் எண்டு என்னதான் இருக்கு?"

டனிஸ்ரன் சுற்றிப் பார்த்தார். "விளக்கு சீனா. மீன் நோர்வே. நாங்க மட்டக்களப்பு. பேர்ப்பலகைதான் யப்பான் அண்ணே."

விசயத்தைச் சொன்னேன். அவருக்குப் பெடியனைத் தெரிந்திருந்தது. "துஷாந்தினி அக்காவோட வாறவர்தானே? ரெமி எண்டு பேர். தங்கமான பெடியன். ஆனா குச்சி பிடிக்கத் தெரியாது, முள்ளுக்கரண்டி கேட்பார். மறுகா, அவர் யப்பானுக்கே போனதில்லையாம்."

யப்பானுக்குப் போகாத யப்பான்காரனா? என் மூக்கு விடைத்தது. மாப்பிள்ளையிடம் நேரே கதைப்பதில்லை என்பது என் முப்பது வருடக் கொள்கை. அன்றைக்கு அதை விட்டுவிட்டு ஒரு கோப்பிக்கடைக்கு அவனை வரச் சொன்னேன்.

வந்தவன் நிறத்தில் எங்கள் ஆள். தலைமயிர் சுருள். கண்ணில் மட்டும்தான் கொஞ்சம் யப்பான் இருந்தது. நகரசபையில் தண்ணீர்க் குழாய்களுக்குப் பொறியியலாளர். "பொன்ஜூர் மாமா" என்று சொல்லிவிட்டு தடித்த பைல் ஒன்றை மேசையில் வைத்தான். ரெமி முராய், அவனுடைய தகப்பன், தகப்பனின் தகப்பன் என்று படம் கீறி, பிறப்புப் பத்திரங்கள் எல்லாவற்றையும் வரிசையாக இணைத்திருந்தான். எனக்கு எரிச்சலாக வந்தது. ஒளித்து வைத்தால்தானே தோண்டலாம்? தானாகவே கொண்டுவந்து கொட்டினால் பிறகு விசாரணைகாரனுக்கு என்ன மரியாதை?

அவன் பிரெஞ்சில் சொன்னதைச் சுருக்கிச் சொல்கிறேன். அவுஸ்திரேலியாவுக்குக் கிழக்கே, பசிபிக் கடலில், நியூ கலிடோனியா என்று ஒரு தீவு. பிரான்சின் ஆட்சி. அங்கே தியோ என்ற ஊரில் நிக்கல் சுரங்கம். ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூற்றிரண்டிலிருந்து யப்பான்காரரை ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலில் கொண்டுவந்து இறக்கினார்கள். ஏறக்குறைய எல்லோரும் ஆண்கள். ஒப்பந்தம் முடிந்து பலர் திரும்பிப் போனார்கள். மற்றவர்கள் அங்கேயே தையல்கடை, காய்கறித் தோட்டம், சில்லறைக்கடை என்று இருந்துவிட்டார்கள். அந்த மண்ணின் கனாக் பெண்களோடும், அவர்களைப் போலவே கூலிக்கு வந்த யாவா, வியட்நாம் பெண்களோடும் குடும்பமானார்கள். ரெமியின் பூட்டன் தொக்குஜி முராய் ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினாலில், பத்தொன்பது வயதில் வந்தவர். எலிசா என்ற கனாக் பெண்ணோடு ஐந்து பிள்ளைகள். கலியாணத்தைக் கோயிலிலும் எழுதவில்லை, கந்தோரிலும் எழுதவில்லை. யாரும் எழுதச் சொல்லவில்லை, அவர்களும் கேட்கவில்லை.

நாற்பத்தொன்றாம் ஆண்டு மார்கழி மாதம் யப்பான் போய் அமெரிக்கன் துறைமுகத்தில் குண்டு போட்டது. தியோவில் இருந்தவருக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்? அன்றைக்குத் தொக்குஜியிடம் ஒரு ஜொந்தாம், அதாவது பிரெஞ்சுப் பொலிஸ்காரர், வந்தாராம். வந்து கதிரையில் உட்கார்ந்து, முழுக்கச் சவரம் செய்வித்து, முகத்தைத் துடைத்து, கண்ணாடியில் இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு, "முராய், இப்போது நீ என்னோடு வரவேண்டும்," என்றாராம். அப்படியே கொண்டுபோனார்கள். தீவிலிருந்த ஆயிரத்துக்கு மேற்பட்ட யப்பான் ஆண்களை அவுஸ்திரேலியாவில் முகாமில் அடைத்து, போர் முடிந்ததும் அங்கிருந்து நேராக யப்பானுக்கு ஏற்றிவிட்டார்கள். பெண்சாதி பிள்ளைகள் தீவில். கடைகளுக்கு முத்திரை வைத்து, பிறகு ஏலம் போட்டார்கள். வீட்டில் யப்பான் எழுத்து இருந்த காகிதங்களையும் படங்களையும் எலிசா தானே அடுப்பில் வைத்தாளாம். எந்தப் படத்தை எந்த நேரம் எரிக்கவேண்டும் என்பதை எனக்கு யாரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. ஊரில் ஆமி வருகிறது என்றதும் நானும் எரித்திருக்கிறேன்.

பிறகு ரெமி ஒரு பத்திரத்தைக் காட்டினான். அவனுடைய பாட்டனின் பிறப்புப் பதிவு. தகப்பன் பெயர் என்ற இடத்தில் ஒரு கோடு. 'முராய்' என்பதைப் பிள்ளையின் பெயரோடு பெயராக எலிசா எழுதுவித்திருக்கிறாள். அதுதான் நாளடைவில் குடும்பப் பெயராக நின்றுவிட்டது. தகப்பனாகத் தொக்குஜி முராய் எந்த ஒரு பதிவிலும் இல்லை.

நான் அந்தக் கோட்டைப் பார்த்தேன். ஆனால் என் காதில் வேறொன்று முள்ளாகக் குத்திக்கொண்டு நின்றது.

"சவரம் எண்டனீர். அவர் என்ன தொழில் செய்தவர்?"

"முடிதிருத்துபவர், மாமா," என்றான் பெருமையாக. "தியோவிலேயே மிகத் திறமானவர்."

"ம்ம்..." என்றேன்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். யப்பானில் அந்தத் தொழிலுக்கு என்ன இடம் என்று நான் கேட்கவில்லை. பசிபிக் கடலுக்கு நடுவில் ஒரு மனிதர் சவரக்கத்தியை எடுத்தார் என்றதும், யாழ்ப்பாணத்தில் அவரை எந்தக் கிணற்றில் அள்ள விட்டிருப்பார்கள் என்று என் மூளை பார்க்கத் தொடங்கிவிட்டது. கோப்பிக்கடையில், அறுபத்தாறு வயதில், பனிச்சப்பாத்தோடு இருந்துகொண்டு!

அன்று பின்னேரம் தங்கச்சிக்கு அறிக்கை கொடுத்தேன். கொஞ்சம் ருசித்துத்தான் கொடுத்தேன், அதையும் சொல்லிவிடவேண்டும்.

"யப்பான் இல்லைப் பிள்ளை, யப்பானின்ர மிச்சம். பூட்டன் முடிவெட்டினவராம். பாட்டன்ர பத்திரத்தில தகப்பன் பேருமில்லை, கோடுதான் கிடக்கு."

தங்கச்சி சொன்னாள்:

"எங்கட வீட்டில ஒரு குறை இருக்கு அண்ணை. ரெண்டு குறையைச் சேர்த்து ஒரு கலியாணம் செய்யேலாது. வேண்டாம்."

"துஷா?"

"அவள் அழமாட்டாள். அதுதான் எனக்குப் பயமாக் கிடக்கு," என்றாள். "ஞாயிற்றுக்கிழமை பெடியன்ர மாமி ஒருத்தி வாறாவாம், அந்தத் தீவில இருந்தே. என்ர பிரெஞ்சு கடைக்குப் போக மட்டும்தான் காணும். நீங்களே நிண்டு மரியாதையாச் சொல்லிவிடுங்கோ."

ஞாயிறு வந்தது. சைபருக்குக் கீழே இருபத்திரண்டு. நான் 'இல்லை' என்பதைப் பிரெஞ்சில் மூன்று விதமாகப் பாடமாக்கிக்கொண்டு தங்கச்சி வீட்டு வாசலில் நின்றேன். உள்ளே வந்ததும் வராததுமாகச் சொல்லிவிட்டால் தேத்தண்ணிச் செலவு மிச்சம். எனக்குப் பின்னால் தங்கச்சி கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். துஷாந்தினி மாடிப்படியில் நின்றாள். முகத்தில் ஒன்றுமில்லை.

ரெமி தன் அத்தையைக் கூட்டிக்கொண்டு வந்தான். ஓடெத் என்று பெயர், அறுபத்தேழு வயது, குடும்பத்தில் மூத்தவர். நல்ல உடம்பு. ரெமியின் குளிர்ச்சட்டை அவருக்கு முன்பக்கம் பூட்டவில்லை. அதற்குள்ளால் பூப்போட்ட நீளச்சட்டை தெரிந்தது. வெயிலிலிருந்து நேரே பனிக்குள் இறங்கிய மனிசி நடுங்கிக்கொண்டு நின்றார். சப்பாத்தைக் கழற்றினார். ஆனால் வாசல் மிதியை விட்டு ஓரடி உள்ளே வைக்கவில்லை.

"அத்தை முதலில் வழக்கம் செய்யவேண்டும், மாமா," என்றான் ரெமி மெதுவாக.

அவர் ஒரு பூத்துணியை நிலத்தில் விரித்தார். அதன்மேல் ஒரு சிகரெட் பெட்டி. தெரு முடக்கில் டெப்பனர் என்கிற சில்லறைக்கடையில் வாங்கியது, வியாதிப் படம் போட்டது. பக்கத்தில் ஒரு கிழங்கு. அவர்கள் ஊர் வழக்கத்துக்குத் துணி, புகையிலை, கிழங்கு மூன்றும் வேண்டுமாம். அங்கிருந்து கிழங்கு கொண்டுவர விமான நிலையத்தில் விடமாட்டார்கள். ஆகவே இங்கே வாங்கியிருக்கிறார்கள். இராசவள்ளிக் கிழங்கு! இங்கே தமிழ்க்கடை வைத்திருக்கிற எங்கள் கிரியின் ஸ்ரிக்கர் அதில் அப்படியே இருந்தது.

நான் வாயைத் திறந்தேன். முதலாம் விதம் 'இல்லை' நாக்கு நுனியில். அதற்குள் ஓடெத் பேசத் தொடங்கிவிட்டார். என்னைப் பார்த்து அல்ல. எனக்கும் தங்கச்சிக்கும் நடுவில் இருந்த வெறும் இடத்தைப் பார்த்து.

"நாங்கள் தியோவிலிருந்து வருகிறோம். இந்த வீட்டின் தகப்பனிடம் ஒன்று கேட்க வந்திருக்கிறோம். அவரைக் கொண்டுபோய்விட்டார்கள் என்று தெரியும். எங்கள் வீட்டிலும் ஒருவரைக் கொண்டுபோனார்கள். என்றாலும் எந்த நல்ல காரியத்தையும் அவரிடம்தான் முதலில் சொல்வோம். அதனால், யோகராசா ஐயா, உங்களிடம் முதலில் கேட்கிறோம். எங்கள் பிள்ளைக்கு உங்கள் பிள்ளையைத் தருவீர்களா?"

பெயரைப் பிழையில்லாமல் சொன்னார். துஷாந்தினிதான் சொல்லிக் கொடுத்திருக்கவேண்டும்.

"என்னவாம் அண்ணை?" என்றாள் தங்கச்சி. "இவற்ற பேரைச் சொன்னமாதிரிக் கிடந்தது."

சொன்னேன். ஒரு சொல்லும் விடாமல் சொன்னேன்.

அப்போதுதான் பார்த்தேன். சப்பாத்துகளில் இருந்த பனி கரைந்து, உப்பும் மண்ணுமாக ஓர் ஊத்தைத் தண்ணீர் சப்பாத்து வைக்கிற தட்டிலிருந்து வழிந்து அந்தப் பூத்துணியை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. கோடித் துணி, சாப்பிடுகிற கிழங்கு, செருப்புத் தண்ணீர்! யாழ்ப்பாணத்தான் எவனுடைய கை சும்மா இருக்கும்? "ஐயோ ஐயோ" என்று பாய்ந்து மூன்றையும் துணியோடு சேர்த்து வாரி எடுத்தேன். எடுத்த கை பழக்கத்தில் கண்ணிலும் ஒற்றிக்கொண்டது.

ஓடெத் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு அழத் தொடங்கினார். "மெர்சி, மெர்சி" என்றார். ரெமி என்னைக் கட்டிப்பிடித்தான். துஷாந்தினி படியில் அப்படியே குந்திவிட்டாள்.

"மாமா, என்ன செய்தனீங்கள் எண்டு தெரியுமோ?"

"தண்ணி வந்தது, தூக்கினன்."

"தூக்கினால் ஓம் எண்டு அர்த்தம். வேண்டாமெண்டால் கிடந்த இடத்திலயே விடவேணும்."

வாயைத் திறக்காமலே பதினொரு கலியாணத்தை நிறுத்தினவன் நான். பன்னிரண்டாவதை வாயைத் திறக்காமலே செய்துவைத்துவிட்டேன். மூன்று விதமான 'இல்லை'யும் தொண்டைக்குள் கிடந்தது.

"ஈஸ்வரி," என்றேன் தங்கச்சியைப் பார்த்து, "நான் பிழை விட்டிட்டன். இது தண்ணிக்குத் தூக்கினது எண்டு இவைக்கு இப்பவே சொல்லிவிடுறன்."

அவள் நான் சொன்னதைக் கேட்டமாதிரித் தெரியவில்லை.

"அண்ணை, இவரிட்டையோ முதல்ல கேட்டவ?"

"ஓம்."

"இருபத்தெட்டு வருசமா எல்லாரும் இவரைப் பற்றித்தான் கேட்டவை. இவரிட்டை ஒருத்தரும் கேட்டதில்லை."

அந்த 'எல்லாரும்' என்பதில் நானும் இருந்தேன். அவள் அப்படி நினைத்துச் சொன்னாளோ என்னவோ, எனக்கு முகத்தில் அடித்தமாதிரி இருந்தது.

"குடுங்கோ இஞ்ச," என்று பொதியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டு அறைக்குள் போனாள். யோகராசாவின் படம் அவள் அலுமாரிக்குள்தான் இருக்கிறது. சுவரில் மாட்டுவதில்லை. மாட்டினால் வருகிறவர்கள் யாராவது நல்லெண்ணத்தில் மாலை வாங்கிவந்து போட்டுவிடுவார்கள். அலுமாரிக் கதவு திறக்கிற சத்தம் கேட்டது. நாங்கள் வாசலிலேயே நின்றோம். துஷாந்தினி விரல்நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாள். அவள் சின்னப் பிள்ளையாக இருந்தபோதுதான் அப்படிக் கடித்து நான் பார்த்தது.

தங்கச்சி வெறுங்கையோடு வந்தாள். கண் சிவந்திருந்தது.

"என்ன முடிவு?" என்றேன்.

"கேட்டனான். வேண்டாம் எண்டு சொல்லேல்லை." மூக்கை முந்தானையால் துடைத்தாள். "உள்ளுக்கு வரச் சொல்லுங்கோ அண்ணை. அந்த மனிசி விறைக்குது. தேத்தண்ணி வைக்கிறன்."

துஷாந்தினி அழமாட்டாள் என்றாளே! படியில் இருந்தபடி வீடு அதிர அழுதாள்.

தேத்தண்ணியோடு ஓடெத் என்னை விசாரிக்கத் தொடங்கினார். அதுவும் வழக்கம்தானே, நான் மட்டுமா விசாரிக்கலாம்?

"ஐயா என்ன வேலை செய்தீர்கள்?"

"உணவகத்தில் கோப்பை கழுவினேன்."

"நல்லது. உங்கள் அப்பா, பாட்டன், அவர்களும் கோப்பை கழுவுகிறவர்கள்தானா?"

"இல்லை!" என்று கத்திவிட்டேன். "அது வந்து... அது வேலை, எங்கள் பரம்பரைத் தொழில் இல்லை..." துஷாந்தினி கோப்பைக்கு மேலால் என்னைப் பார்த்தாள். என் அறிக்கை அவள் காதுக்கும் போயிருக்கிறது. மிச்சத்தை நான் விழுங்கிக்கொண்டேன்.

தங்கச்சி என்னிடம் ஒரே ஒரு கேள்வியைத்தான் கேட்கச் சொன்னாள். "எலிசா எத்தனை வருசம் பாத்துக்கொண்டு இருந்தவவாம்?"

"சாகும்வரை," என்றார் ஓடெத். "முப்பத்தொரு வருடம். இடையில் ஒரு கடிதம் வந்தது. ஐம்பத்திரண்டில், யப்பானிலிருந்து. என் பாட்டன் தொக்குஜி பேசுவது பிரெஞ்சுதான், ஆனால் எழுதத் தெரிந்தது யப்பான் எழுத்து மட்டும். பாட்டி அதைத் தியோ முழுக்கக் கொண்டு திரிந்தாள். வாசிக்கத் தெரிந்த அத்தனை பேரையும் அந்தக் கப்பலில்தானே ஏற்றிவிட்டார்கள்? ஒருவரும் மிச்சமில்லை. பாட்டி வாசிக்காமலே இறந்துபோனாள். பிறகு கனகாலத்துக்குப் பின்னால் ஒரு யப்பான் உல்லாசப் பயணி எனக்கு வாசித்துச் சொன்னார்."

"என்ன எழுதியிருந்தது?"

"பெரியவனுக்கு இருமல் நின்றுவிட்டதா என்று கேட்டிருந்தார். கப்பலுக்கு அனுமதி கிடைத்ததும் வந்துவிடுவேன், கடைக் கதிரையை மட்டும் விற்றுவிடாதே என்று எழுதியிருந்தார்."

"கதிரை?"

"ஏலத்தில் முதலாவதாகப் போனது அதுதான்."

தங்கச்சிக்கு மொழிபெயர்த்தேன். அவள் எழுந்து போய் ஓடெத்தின் கோப்பையில் இன்னும் கொஞ்சம் தேத்தண்ணி ஊற்றிவிட்டு, அவருக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள். பாசை தெரியாத இரண்டு பேரும் அன்றைக்கு நெடுநேரம் அப்படியே இருந்தார்கள்.

கலியாணம் ஆவணியில். ரெமியின் தாய்தகப்பனும் வருகிறார்கள். கார்ட் எழுதுகிற பொறுப்பு வழமைபோல் என்னுடையது. தங்கச்சி பக்கத்தில் இருந்தாள். 'யோகராசா' என்று எழுதுவதற்கு முன் என் பேனை கொஞ்சம் நின்றது. அவள் பேனையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். 'திரு' என்று எழுதினேன். அவள் மூச்சு விட்டது கேட்டது.

மாப்பிள்ளை பக்கத்தில் ஓடெத் ஒரே ஒரு ஆசை சொல்லியனுப்பியிருந்தார். பெற்றோரின் பெயருக்கு மேலே, 'தொக்குஜி முராய் அவர்களின் பூட்டன்' என்று எழுதவேண்டும். எங்கள் வழக்கில் பூட்டனின் பிள்ளையின் பிள்ளையின் பிள்ளையும் பூட்டன்தான் என்று நான் சொன்னது அவருக்கு நன்றாகப் பிடித்துப்போனது. உலகத்தில் ஒரு காகிதத்திலாவது அந்த மனிதர் இந்தக் குடும்பத்துக்கு மூத்தவர் என்று இருக்கட்டும் என்றாராம்.

"அவருக்கு என்ன போடுறது?" என்றேன்.

"உங்களுக்குத் தெரியாதோ?" என்றாள் தங்கச்சி.

போன கிழமை அச்சகத்திலிருந்து நிஷான் எடுத்தான். எங்கள் கார்ட் எல்லாம் அடிப்பவன் அவன்தான்.

"அண்ணை, ஒரு சின்னப் பிழை. தொக்குஜி முராய் எண்டவருக்கு முன்னால 'திரு' கிடக்கு. எந்த ஆண்டு பிறந்தவர்?"

"தொண்ணூற்றைந்து."

"தொண்ணூற்றைந்தோ? பிறகெப்பிடிப் பூட்டனாகிறது?"

"ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூற்றைந்து."

அவன் அச்சு மெசினை நிறுத்தினான்.

"அண்ணை, நூற்றி முப்பது வயசு! 'அமரர்' எண்டு மாத்தட்டோ? யோகராசா அண்ணைக்கும் 'திரு' எண்டுதான் கிடக்கு. நீங்கள் வடிவா விசாரிச்சனீங்களோ?"

"வடிவா விசாரிச்சனான் நிஷான்," என்றேன். "கொண்டுபோனவங்கள் ரெண்டு பேரையும் இன்னும் வீட்டில கொண்டுவந்து விடேல்லை. விடட்டும், பேந்து மாத்துவம். இப்ப அப்பிடியே அடி."